‘மறுஆய்வு’ என்றால் மறுபடி அளப்பதா? குவாரி வழக்குகளுக்கு ஒரு சொல்

அன்பு நண்பர்களுக்கு,

சேலத்தில் ஒரு வக்கீல் அலுவலகத்தில் தீர்ப்புகளைத் தமிழில் எழுதிக் கொடுப்பது என் வேலை. போன வாரம் ஏற்காடு அடிவாரத்திலிருந்து நான்கு பேர் வந்தார்கள். கல்குவாரிக்கு எதிராக அவர்கள் போட்ட வழக்கு தோற்றுவிட்டது. ‘மறுஆய்வு மனு போடலாம்’ என்று நான் எழுதியிருந்ததைப் படித்த பெரியவர் கேட்டார்: “அப்படின்னா ஆபீசருங்க திரும்ப வந்து டேப் புடிச்சு அளப்பாங்களா தம்பி?”

அவர் மேல் தப்பே இல்லை. குவாரி இருக்கும் ஊரில் ஆய்வு என்றால் வருவாய்த்துறையும் கனிமவளத்துறையும் குழிக்கே வந்து பார்ப்பதுதான். வீட்டுக்கும் குவாரிக்கும் 300 மீட்டர் இருக்கிறதா என்பதே பாதி வழக்குகளின் உயிர். அங்கே போய் ‘மறுஆய்வு’ என்றால் மறுபடி அளப்பதாகத்தான் கேட்கும். ஆங்கிலத்தில் ‘ரிவ்யூ’ எனப்படும் இந்த மனுவில் நடப்பது வேறு. தீர்ப்பு சொன்ன நீதிமன்றமே, கூடுமானவரை அதே நீதிபதிகளே, தாங்கள் எழுதியதை மறுபடி பார்க்கிறார்கள்.

அதனால் ‘மீள்நோக்கு’ என்ற சொல்லை முன்வைக்கிறேன். மீள்நோக்கு மனு, தீர்ப்பை மீள்நோக்கியது என்று பெயராகவும் வினையாகவும் வளையும்.

— அஸ்தம்பட்டியிலிருந்து

*

ஐயா, நாளிதழ்களில் ‘சீராய்வு மனு’ ஊன்றிவிட்டது. இருக்கும் சொல்லை விட்டுவிட்டுப் புதிதாக ஒன்று வேண்டுமா?

அப்புறம் இன்னொன்று. மனு ஏற்கப்படுவதற்கான காரணங்களில் ஒன்றை ‘ஆவணத்தின் முகப்பில் தெரியும் பிழை’ என்று மொழிபெயர்க்கிறார்கள். படித்தால் அட்டையில் அச்சுப்பிழை என்பது போல இருக்கிறது. அதற்கும் வழி சொல்லுங்கள்.

— ஏற்காட்டிலிருந்து

*

ஐயா, வணக்கம்.

‘சீராய்வு’ எங்கள் கோர்ட்டில் வேறு வேலையில் இருக்கிறது. முன்சீப் கோர்ட் உத்தரவை உயர் நீதிமன்றம் கூப்பிட்டுச் சரிபார்ப்பதைத்தான் அப்படி எழுதுகிறோம். அது மேலிருந்து கீழே பார்ப்பது. நாம் பேசுவது தன்னைத் தானே பார்ப்பது. இரண்டுக்கும் ஒரே சொல் இருந்தால் கட்சிக்காரர் எந்தக் கோர்ட்டுக்குப் போவார்?

உரிமையியல் நடைமுறைச் சட்டம் (கட்டளை 47, விதி 1) மூன்று வாசல்களைத்தான் திறக்கிறது. முன்பு எவ்வளவு தேடியும் கிடைக்காத முக்கியமான சான்று, நீங்கள் சொன்ன அந்தப் பிழை, இவற்றுக்கு ஒப்பான வேறு தக்க காரணம். பிழைக்கு ‘கண்கூடான பிழை’ என்பேன். நிலத்தை அளந்து வரைந்த புலப்படத்தில் 240 மீட்டர் என்று தெளிவாக இருக்க, யாரும் மறுக்காத அந்தப் படத்தையே சுட்டி, தீர்ப்பு 340 என்று கணக்குப் போட்டிருந்தால் அது கண்கூடு. எந்த வீட்டுச் சுவரிலிருந்து அளப்பது என்று ஒரு மணி நேரம் வாதாட வேண்டியிருந்தால் அது கண்கூடு இல்லை. மேல்முறையீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

இந்தக் கோடு எவ்வளவு வழுக்கும் என்பதற்கு நம் மாநிலத்து வழக்கே இருக்கிறது. சுண்ணாம்புக்கல் வெட்டி எடுப்பதற்குக் கட்டும் தொகையான ராயல்டி மீது செஸ் என்ற கூடுதல் தீர்வை போடுவது பற்றிய வழக்கில் 1989இல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் ‘ராயல்டி ஒரு வரி’ என்றார்கள். 2004இல் ஐவர் அமர்வு அந்த வாக்கியத்தில் தட்டச்சுப் பிழை இருக்கிறது, ‘ராயல்டி மேல் போடும் செஸ்தான் வரி’ என்றிருக்க வேண்டும் என்றது. 2024 ஜூலை 25இல் ஒன்பது பேர் உட்கார்ந்து, எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில், ராயல்டி வரியே இல்லை என்றார்கள். இதை நான் மீள்நோக்கு என்று எழுத மாட்டேன். பெரிய அமர்வு வேறொரு வழக்கில் பழைய தீர்ப்பைத் தவறென்று ஒதுக்கியது. அதற்குத் தனிச்சொல் தேட வேண்டும்.

முன் அனுமதி வாங்காமல் தொடங்கிய திட்டங்களுக்குப் பிறகு சுற்றுச்சூழல் அனுமதி தருவது பற்றிய 2025 மே 16 தீர்ப்பை, உச்ச நீதிமன்றம் நவம்பர் 18இல் திரும்பப் பெற்றதே, அதுதான் மீள்நோக்கு. முதலில் தீர்ப்பளித்த இருவரில் ஒருவர் ஓய்வு பெற்றுவிட்டார். இன்னொருவர் மூவர் அமர்வில் இருந்து, திரும்பப் பெறக்கூடாது என்று தனியாக எழுதினார்.

நேற்று அந்தப் பெரியவரிடம் தாளைத் திருத்திக் கொடுத்தேன். ‘மீள்நோக்கு’ என்று எழுத்துக்கூட்டிப் படித்தார். “அதே ஜட்ஜய்யா தான் பார்ப்பாரா?” என்றார். கூடுமானவரை அவரேதான் என்றேன். “எத்தனை நாளுக்குள்ள போடணும்?”

முப்பது நாள். இன்னும் பதினொன்று பாக்கி இருக்கிறது.

— அஸ்தம்பட்டியிலிருந்து