எடுப்பழகன்: 'டாண்டி' என்பதற்கு ஒரு சொல்

குழுவில் உள்ள அனைவருக்கும் வணக்கம்.

கிளிநொச்சியில் தையற்பயிற்சி பெறும் பிள்ளைகளுக்காக ஆண்களின் உடை வரலாற்றுக் குறிப்புகளைத் தமிழாக்கி வருகிறோம். கோட்டு, கொலர், மடிப்பு எல்லாவற்றையும் ஒருவாறு தாண்டிவிட்டோம். உடை நேர்த்தியையே பெரிதாகக் கொண்ட ஆணைக் குறிக்கும் 'டாண்டி' (dandy) என்ற ஆங்கிலச் சொல்லில்தான் தடக்கி நிற்கிறோம். ஆடம்பரக்காரன், மைனர், சோக்காளி, ஒய்யாரன், மினுக்கன், பீடுநடையன் என்று பரிந்துரைகள் வந்திருக்கின்றன. இவற்றில் எதையும் அப்படியே ஏற்க எனக்கு மனமில்லை. காரணத்தைச் சொல்லிவிட்டு என் சொல்லை முன்வைக்கிறேன்.

முதலில் ஆளைப் பார்ப்போம். ஆளைப் பாராமல் பெயர் வைக்கப் போனதால்தான் பட்டியலின் முதலிடத்தில் 'ஆடம்பரக்காரன்' வந்து உட்கார்ந்துகொண்டான். டாண்டி என்றதும் எல்லாரும் கைகாட்டுவது ஜோர்ஜ் பிரம்மல் என்பவரை. 1778 இல் லண்டனில் பிறந்தவர். பிரபு வம்சம் இல்லை. தகப்பனார் ஒரு பிரதமரிடம் அந்தரங்கச் செயலாளராக இருந்தவர். பின்னாளில் நான்காம் ஜோர்ஜ் மன்னரான இளவரசரின் நட்பு இவருக்கு வாய்த்தது. முந்திய தலைமுறைச் சீமான்கள் பட்டும் சரிகையும் மாப்பூசிய பொய்முடியுமாகத் திரிந்தவர்கள். இவரோ அதையெல்லாம் ஒதுக்கிவிட்டு, கருநீலக் கம்பளிக் கோட்டு, நீளக் காற்சட்டை, வெள்ளைவெளேரென்ற கழுத்துத்துணி, இவ்வளவோடு வந்து நின்றார். அந்தத் துணிக்கு அளவாகக் கஞ்சி போட்டு விறைப்பாக நிற்க வைத்ததுதான் அவருடைய பெரும் சாதனை. அவருடைய வேலையாள் கசங்கிய துணிகளை ஒரு கை நிறைய அள்ளிக்கொண்டு படியிறங்கி வந்தானாம். அவை என்ன என்று கேட்டவருக்கு, 'இவை எங்கள் தோல்விகள்' என்றானாம். முடிச்சு ஒரே தடவையில் சரியாக விழவில்லை என்றால் அந்தத் துணி அன்றைக்குத் தள்ளுபடி. 1816 இல் கடன்காரர்களுக்குத் தப்பிப் பிரான்சுக்கு ஓடிய பிரம்மல், 1840 இல் அங்கே ஒரு மனநோய் விடுதியில் இறந்தார்.

(வன்னியின் அரசன் பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையைத் தாக்கிய 1803 ஆம் ஆண்டில் இந்த மனிதர் கண்ணாடிக்கு முன்னால் கழுத்தை நிமிர்த்தி மடிப்புப் பார்த்துக்கொண்டிருந்திருப்பார். முல்லைத்தீவு அண்ணா மன்னிக்க வேண்டும், எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.)

இந்த ஆளிடம் கவனிக்க வேண்டியது செலவைவிடத் திட்டத்தை. துணியின் விலை அவருக்குப் பெரிதில்லை, விழும் விதம் பெரிது. மற்றவர் பார்க்க வேண்டும் என்பதற்காகவே உடுக்கிறார். பார்ப்பவரைப் பொருட்படுத்தாதவர் போலவும் நிற்கிறார். பிரான்சியக் கவிஞர் போதலேர் 1863 இல் இதை ஒரு தத்துவமாகவே வளர்த்தெடுத்தார். அவர் கணக்கில் உடை நேர்த்தி என்பது உள்ளத்தின் உயர்குடித் தன்மைக்கு ஓர் அடையாளம் மட்டுமே. கொங்கோ நாடுகளின் பிராசவில், கின்ஷாசா நகரங்களில் 'சப்பூர்' என்று ஒரு கூட்டத்தார் இன்றும் உண்டு. வறுமையான தெருக்களில் அப்பழுக்கில்லாத கோட்டும் சப்பாத்துமாக நடப்பவர்கள். ஓர் உடுப்பில் மூன்று நிறங்களுக்கு மேல் சேரக் கூடாது என்பது அவர்களின் விதி. கின்ஷாசாவில் சர்வாதிகாரி மொபுட்டுவின் ஆட்சி 1970களில் ஐரோப்பியக் கோட்டையும் கழுத்துப்பட்டியையும் விலக்கியபோது அவற்றை அணிவதே அங்கே ஓர் எதிர்ப்பாக மாறியது. 2025 இல் நியூயோர்க்கின் மெட்ரோபொலிட்டன் அருங்காட்சியகம் கறுப்பின ஆண்களின் இந்த உடை மரபை வைத்தே ஒரு பெரிய கண்காட்சி நடத்தியது. ஆகவே சொல் பழையது என்று ஒதுக்கிவிட முடியாது. பிள்ளைகள் அதைக் கைத்தொலைபேசியில் தினமும் பார்க்கிறார்கள்.

இனிப் பரிந்துரைகளுக்கு வருகிறேன்.

ஆடம்பரம் என்ற சொல்லுக்கு வடமொழியில் முரசு, பேரொலி என்ற பொருள்களும் உண்டு. பிரம்மல் சத்தமே போடாதவர். இந்தச் சொல் அத்தோடு போகட்டும்.

மைனர் விடயத்தில் வவுனியா அக்கா பிடிவாதமாக நிற்கிறார். சொல் எங்கிருந்து வந்தது என்று பாருங்கள், அக்கா. சமீன் வாரிசு வயதுக்கு வராதவனாக இருந்தால் சட்டம் அவனை மைனர் என்றது. சொத்து கைக்கு வந்து, சங்கிலியும் மோதிரமுமாகச் சுற்றத் தொடங்கிய பின்னும் ஊர் அப்படியே அழைத்தது. கூடவே பெண்பித்தன் என்ற நிழலும் ஒட்டிக்கொண்டது. வன்னியில் சமீன் எங்கே இருந்தது? கிளிநொச்சி 1930களில் குடியேற்றத் திட்டமாக எழுந்த ஊர். இரணைமடுத் தண்ணீரை நம்பி வயல் செய்ய வந்தவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு 'மைனர்' என்பது படத்தில் வரும் ஆள் மட்டுமே.

சோக்கு நல்ல சொல். உருதுவின் 'ஷௌக்' வழியாக வந்தது. ஆசை, விருப்பம் என்பது மூலப் பொருள். நம்மிடையே அது பாராட்டாகவே வழங்குகிறது: சோக்கான கறி, சோக்கான காற்று. விசித்திரம் என்னவென்றால், ஆங்கிலத்தில் டாண்டி என்பதும் 'முதல்தரம்' என்ற பொருளில் பெயரடையாக வழங்கியிருக்கிறது. இரு சொற்களும் ஒரே திண்ணையில் வந்து அமர்ந்திருக்கின்றன. ஆனால் சோக்கை ஓர் ஆளாக்கிச் சோக்காளி என்றவுடன் அவன் இன்பம் தேடி அலைபவனாகிவிடுகிறான். டாண்டியோ தன்னைத்தானே ஒறுத்துக்கொள்பவன். காலைப் பொழுது முழுவதையும் ஒரு முடிச்சுக்குக் கொடுப்பவனை இன்பம் தேடுபவன் என்று எப்படிச் சொல்வது?

ஒய்யாரன் என்ற பரிந்துரையை அனுப்பியவர் பழமொழியை மறந்துவிட்டார் போலும். 'ஒய்யாரக் கொண்டையிலே தாழம்பூவாம், உள்ளே இருப்பது ஈரும் பேனுமாம்.' பெண்ணையும் ஏளனத்தையும் சேர்த்தே அந்தச் சொல் இழுத்து வருகிறது. ஆண்பால் விகுதி போட்டதால் மட்டும் அந்தப் பேன் போய்விடாது.

மினுக்கனை நான் தள்ளவில்லை, ஒதுக்கி வைக்கிறேன். பித்தளையை மினுக்குவதுபோல மேற்பரப்பை மட்டும் பளபளப்பாக்குபவனுக்கு ஆங்கிலத்தில் 'ஃபொப்' என்று தனியாக ஒரு சொல் இருக்கிறது. குறிப்பில் அது நான்கு இடங்களில் வருகிறது. அங்கெல்லாம் மினுக்கன் கச்சிதமாகப் பொருந்தும்.

பீடுநடையன் என்பதில் மன்னார் ஐயாவின் குறள் பற்றுத் தெரிகிறது. ஆனால் அந்தக் குறளையே எடுத்துக்கொள்வோம். 'இகழ்வார்முன் ஏறுபோல் பீடு நடை' யாருக்கு இல்லை என்கிறார் வள்ளுவர்? புகழ்புரிந்த இல் இல்லாதவருக்கு. அந்த நடை வீட்டிலிருந்து வருவது, தையற்கடையிலிருந்து வருவதன்று. தொல்காப்பியம் பெருமிதத்துக்குக் கூறும் நிலைக்களங்களும் கல்வி, தறுகண், இசைமை, கொடை என்ற நான்குதான். உடைக்கு அங்கே இடம் கொடுக்கப்படவில்லை. புறநானூறு இன்னும் ஒருபடி மேலே போய், உலகாளும் அரசனுக்கும் இரவு பகல் வேட்டையாடித் திரிபவனுக்கும் 'உண்பது நாழி உடுப்பவை இரண்டே' என்று கணக்கை முடித்துவிடுகிறது. இத்தனைக்கும் தாரும் கண்ணியும் கழலும் கடுக்கனுமாக நம் ஆண்கள் அணியாததில்லை. அணிந்தார்கள், அதை ஒரு பெருமையாகப் பேச மட்டும் இலக்கியம் கூச்சப்பட்டது. அதனால்தான் பழைய நூல்களைத் துழாவினால் நமக்கு வேண்டிய சொல் கிடைப்பதில்லை. ஐயா இதை மறுப்பார் என்று தெரியும், மறுக்கட்டும்.

ஒலிபெயர்த்து 'தண்டி' என்றே எழுதலாமே என்று ஒரு தம்பி கேட்டிருந்தார். தம்பி, அந்தப் பெயரில் ஏற்கெனவே ஒருவர் இருக்கிறார். அவரோடு அலங்காரமும் ஒட்டிக்கொண்டே இருக்கிறது. தண்டியலங்காரம் படிக்கப் போகிறோம் என்று பிள்ளைகள் அணியிலக்கணப் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு வந்தால் யார் பொறுப்பு?

அப்படியானால் வன்னிப் பேச்சில் என்ன இருக்கிறது? உடுத்திப் புறப்படுவதற்கு நம்மிடம் ஒரே வினைதான்: வெளிக்கிடுதல். வெளியே கிளம்புவதும் அதுதான், அதற்காக உடுப்பதும் அதுதான். பிறர் பார்வைக்காக உடுப்பது என்ற கருத்தை இவ்வளவு சுருக்கமாகச் சொல்லும் வேறொரு சொல்லை நான் அறியேன். ஆனால் அதிலிருந்து ஆளைக் குறிக்கும் பெயர் பிறக்க மறுக்கிறது. 'வெளிக்கிடுவோன்' என்றால் பஸ்ஸுக்கு நிற்பவர்போல இருக்கிறது. நடப்புக் காட்டுதல் என்றும் சொல்வோம். அது முழுக்கக் குற்றச்சாட்டு. போதாக்குறைக்கு நடப்பு ஆண்டு, நடப்புக் கணக்கு என்று அலுவலகங்கள் அந்தச் சொல்லைக் கைப்பற்றிவிட்டன.

மிஞ்சுவது எடுப்பு. எனக்கு இந்தச் சொல்லை நினைவூட்டியவர் பயிற்சி நிலையத்துக்கு வந்து வெட்டுப் பழக்கும் முதிய தையற்காரர் ஒருவர். 'கொலர் எடுப்பாக நிற்க வேண்டும், பிள்ளை' என்று ஒரு மாணவனிடம் சொல்லிக்கொண்டிருந்தார். கவனியுங்கள், இந்தச் சொல்லுக்கு இரண்டு முகம். எடுப்பான மூக்கு, எடுப்பான நிறம் என்றால் கண்ணைக் கவரும்படி தூக்கலாகத் தெரிவது. 'அவருக்குச் சரியான எடுப்பு' என்றால் தலைக்கனம். டாண்டியை ஊர் எப்படிப் பார்த்ததோ அதே இரட்டைப் பார்வை, பாதி வியப்பும் பாதி எரிச்சலுமாக, இந்த ஒரு சொல்லுக்குள் ஏற்கெனவே இருக்கிறது. ஆங்கிலச் சொல்லிலும் அந்த இழுபறி உண்டு. 18 ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஸ்கொட்லாந்து எல்லைப்புறத்தில் கேலியாகத் தொடங்கிய பேச்சு, பிரம்மல் காலத்தில் பட்டம்போல ஆகிவிட்டது.

ஆகவே என் பரிந்துரை: எடுப்பழகன். எடுப்பு + அழகன். புணர்ச்சியில் உகரம் கெடுகிறது, வேறு சிக்கல் இல்லை. பன்மை எடுப்பழகர். அந்தத் தன்மைக்கு எடுப்பழகு. அதைக் கொள்கையாகக் கொள்ளும் போக்குக்கு எடுப்பழகியல். இந்தக் கடைசிச் சொல்லுக்குள் 'அழகியல்' முழுதாக இருப்பதைப் பாருங்கள். போதலேர் சொன்னதும் ஏறக்குறைய அதுதானே. வாக்கியத்தில் வைத்துச் சோதித்தேன்: 'பிரம்மல் லண்டனின் முதன்மையான எடுப்பழகராகக் கருதப்பட்டார்.' 'கின்ஷாசா எடுப்பழகர் மூன்று நிறங்களுக்கு மேல் அணிவதில்லை.' 'எடுப்பழகனுக்கும் மினுக்கனுக்கும் உள்ள வேறுபாட்டை விளக்குக.' மூன்றாவது வினாத்தாளில் வரப்போகிற கேள்வி. அங்கே இரண்டு சொல்லும் தனித்தனியாக நிற்க வேண்டியது அவசியம்.

எதிர்ப்புகள் வரும். அழகன் என்றால் முருகன் நினைவுக்கு வருகிறான் என்பார்கள். வரட்டும், நமக்கு நட்டமில்லை. சங்கீதத்தில் பாட்டுத் தாளத்தில் தொடங்கும் இடம் எடுப்பு என்பார்கள். தையலறையில் அந்தக் குழப்பத்துக்கு இடமில்லை. கொஞ்சம் வலுவான எதிர்ப்பு, அழகு என்பது பிறப்பில் வருவது, டாண்டி உடையால் ஆனவன் என்பது. அதற்காகத்தான் எடுப்பு முன்னால் நிற்கிறது. எடுத்துக்காட்டப்பட்ட அழகு, நிறுத்தப்பட்ட அழகு.

ஆடம்பரம் என்ற சொல்லை நான் இவ்வளவு கடுமையாக எதிர்ப்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. 1990களின் பொருளாதாரத் தடைக் காலத்தை நம்மில் பலர் வன்னியில் கழித்திருக்கிறோம். சவர்க்காரம் கிடைக்காமல் பனம்பழக் களியில் உடுப்புத் தோய்த்த காலம். அப்போதும் இருந்த ஒரேயொரு வெள்ளைச் சேட்டைச் சோற்றுக் கஞ்சியில் தோய்த்து, சிரட்டைக்கரி போட்ட ஸ்திரிக்கைப் பெட்டியால் மடிப்பை நிறுத்தி, வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கலுக்கு வந்து நின்ற ஆண்கள் இருந்தார்கள். 'கூத்துக்கு வெளிக்கிட்ட ராசா' என்று பெண்கள் கேலி செய்ததும் உண்டு. கூத்தில் ராசா முடியும் புஜகீர்த்தியுமாகத் தன் வரவைத் தானே பாடிக்கொண்டு வருவார் அல்லவா, அந்தக் கேலி. அந்த மனிதர்களிடம் ஆடம்பரத்துக்கு ஏது பொருள்? பிரம்மலைப்போல அவர்களிடமும் இருந்தது கஞ்சியும் பொறுமையும்தான். பாடக்குறிப்பில் உள்நாட்டு எடுத்துக்காட்டு ஒன்று சேர்க்க வேண்டும் என்று கேட்டிருந்தீர்கள். அடிக்குறிப்பாக இதைச் சேர்க்கலாம் என்று நினைக்கிறேன். போதலேரைவிடப் பிள்ளைகளுக்கு இது உடனே விளங்கும்.

சொற்கோவையில் இப்படிப் பதிவு செய்ய முன்மொழிகிறேன். எடுப்பழகன்: தன் உடை, நடை, தோற்றம் ஆகியவற்றைப் பிறர் கண்ணில் படும்படி, திட்டமிட்ட நேர்த்தியோடு பேணும் ஆண். வழக்கைப் பொறுத்துப் பாராட்டாகவோ இலேசான கிண்டலாகவோ அமையும். மினுக்கன் என்பதற்கு எதிரே 'ஒப்பிடுக' என்று ஒரு குறி. பக்கத்தில் வரும் 'டப்பர்' (dapper) என்ற ஆங்கிலப் பெயரடைக்கு நறுவிசான என்று போட்டிருக்கிறேன். 'நறுவிசாக உடுத்தியிருந்தார்' என்று ஊரில் சொல்வதுதான். அதற்கு யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள் என்று நம்புகிறேன்.

இன்னும் ஒன்று பாக்கி. பிரம்மலின் கழுத்தில் இருந்ததைக் 'கழுத்துப்பட்டி' என்று முதல் வரைவில் எழுதியிருக்கிறார்கள். இன்றைய பள்ளிச் சீருடையில் வரும் பட்டியும் அதுவும் ஒன்றாகிவிடும். நான் இங்கே கழுத்துத்துணி என்று எழுதிவந்திருக்கிறேன், ஆனால் அது வியர்வை துடைக்கும் துண்டுபோலவும் கேட்கிறது. முல்லைத்தீவு அண்ணா, உங்கள் தகப்பனார் தையற்கடை வைத்திருந்தவர் அல்லவா? அவரிடம் கேட்டு எழுதுங்கள். குறிப்பு அச்சுக்குப் போவதற்கு முன்னால் வேண்டும்.