பிளேஸ்டேஷன் 3 அப்டேட் கோப்பை எங்கிருந்து எடுப்பது?

கேள்வி (கொட்டாஞ்சேனை):
வணக்கம். எங்கள் பிளேஸ்டேஷன் 3 இன் ஹார்ட் டிஸ்க் பழுதானதால், பம்பலப்பிட்டியில் வாங்கிய 500 ஜிபி டிஸ்க்கைப் பொருத்தினேன். இப்போது கொன்சோலை இயக்கினால், அப்டேட் கோப்பு உள்ள பென் டிரைவைச் செருகும்படி மட்டுமே திரையில் வருகிறது. இணையத்தில் தேடி ஒரு தளத்திலிருந்து இறக்கியது 'இன்ஸ்டோலர்' ஒன்றாக இருந்தது. அன்டிவைரஸ் உடனே அதைத் தடுத்துவிட்டது. கடைக்குக் கொண்டுபோகாமல் சரியான கோப்பை நானே எடுக்க வழியுண்டா?

பதில் 1 (தெஹிவளை):
கொன்சோலை இணையத்தோடு இணைத்து, செட்டிங்ஸில் சிஸ்டம் அப்டேட்டைத் தெரிவு செய்யுங்கள். அதைவிடப் பாதுகாப்பான வழி இல்லை.

பதில் 2 (வெள்ளவத்தை):
டிஸ்க் மாற்றியவருக்கு அது உதவாது. இயங்குதளத்தின் ஒரு பகுதி ஹார்ட் டிஸ்க்கிலேயே இருப்பதால், வெற்று டிஸ்க்கோடு செட்டிங்ஸ் வரை போகவே முடியாது.

ஜப்பானில் 2017 இல் உற்பத்தி நின்ற பின்னரும், பெரும்பாலும் புளூ-ரே படத் தட்டுகளை ஓட்டத் தேவையான குறியாக்கச் சாவியைப் புதுப்பிப்பதற்காக, சொனி அப்டேட்களை வெளியிட்டு வந்திருக்கிறது. ஆகவே பிளேஸ்டேஷனின் உத்தியோகபூர்வ உதவிப் பக்கத்தை விட்டு வேறெங்கும் போக வேண்டியதில்லை. கோப்பு ஏறத்தாழ 200 எம்பி அளவுடையது, பெயர் 'பியுபி' என்று முடியும். கணினியில் திறந்து ஓட்டும் இன்ஸ்டோலராக எது வந்தாலும் அது அப்டேட் அல்ல, அழித்துவிடுங்கள்.

பென் டிரைவை ஃபெட்32 முறையில் ஃபோர்மட் செய்யுங்கள். என்டிஎஃப்எஸ், எக்ஸ்ஃபெட் இரண்டையும் இந்தக் கொன்சோல் வாசிக்காது. அதில் 'பிஎஸ்3' என்றொரு ஃபோல்டர், அதற்குள் 'அப்டேட்' என்றொரு ஃபோல்டர், இரண்டும் ஆங்கிலப் பெரிய எழுத்தில் இருக்க, உள்ளே கோப்பை இடுங்கள். நிறுவும்போது மின்சாரம் போனால் கொன்சோலே பாழாகலாம் என்பதால், யுபிஎஸ் இருந்தால் அதில் செருகுங்கள். மழைக்கால மாலையில் தொடங்காதீர்கள்.

கேள்வி கேட்டவர்:
மிக்க நன்றி. முதலில் 'கோப்பு இல்லை' என்றே வந்தது. பார்த்தால், இரண்டு தடவை தரவிறக்கியதால் பிரவுசர் பெயரின் கடைசியில் (1) என்று சேர்த்திருந்தது.

பதில் 2 (வெள்ளவத்தை):
அதை எழுத மறந்துவிட்டேன், மன்னிக்கவும். பெயரில் ஓர் எழுத்து மாறினாலும் கொன்சோல் கோப்பைக் கண்டுகொள்ளாது.