கமீலியன் பாஸ்: வாசித்தது யார்?

விசைப்பலகை:
நேற்று 'நாலு தந்தி' இங்கே எழுதியதைப் படித்ததிலிருந்து எரிச்சல் அடங்கவில்லை. அமெரிக்க ஜாஸ் கீபோர்டு கலைஞர் ஹெர்பி ஹான்காக்கின் 1973ஆம் ஆண்டு ஆல்பமான 'ஹெட் ஹண்டர்ஸ்' பற்றிப் பக்கம் பக்கமாகப் புகழ்ந்திருக்கிறார். புகழட்டும், தகுதியான ஆல்பம்தான். ஆனால் அதிலுள்ள 'கமீலியன்' பாட்டின் தொடக்கத்தில் வரும் அந்தப் பாஸ் வரியை, அதாவது அடியில் ஓடும் கனத்த சுர வரியை, குழுவின் பாஸ் கலைஞர் பால் ஜாக்சன் பாஸ் கிடாரில் வாசித்தார் என்றும், துள்ளல் தாள நடன இசையான ஃபங்கில் பின்னால் வந்த பாஸ் கலைஞர்கள் எல்லோரும் அந்த விரல்களுக்குக் கடன்பட்டவர்கள் என்றும் முடித்திருக்கிறார்.

அது பாஸ் கிடாரே இல்லை. மின்னணு முறையில் ஒலி உண்டாக்கும் கீபோர்டான சிந்தசைசரில், ஆர்ப் ஒடிசி என்ற வகையில், ஹான்காக் வாசித்தது. தனியாக ஒலிக்கும் அந்த முதல் சில விநாடிகளை ஹெட்போனில் கேளுங்கள். தந்தியை விரல் தொடும் சத்தம் எங்கேயாவது இருக்கிறதா?

நாலு தந்தி:
பாஸ் வாசித்து விரல் காய்த்தவன் நான். எனக்கே பாஸ் பாடம் எடுக்கிறீர்களா? 'கமீலியன்' இசையமைப்பாளர்களாக யார் யார் பெயர் இருக்கிறது? ஹான்காக், ஜாக்சன், ஹார்வி மேசன், பென்னி மாப்பின். ஜாக்சன் பெயர் சும்மா போட்டதா? பாஸ் கலைஞரின் பெயர் இருக்கிறது என்றால் அந்தப் பாஸ் வரி அவருடையது. இதற்கு மேல் என்ன வேண்டும்?

விசைப்பலகை:
இயற்றியது யார் என்று நான் கேட்கவே இல்லை. வாசித்தது யார் என்பதுதான் கேள்வி. அந்த வரி ஜாக்சன் மனத்திலேயே பிறந்திருக்கட்டும், ஒலிப்பதிவில் அதை ஒலித்தது ஒடிசி.

ஜாக்சன் என்ன செய்கிறார் தெரியுமா? டிரம்ஸ் சேர்ந்த பிறகு, பாஸுக்கு மேலே மெல்லிதாக ஒரு துள்ளல் வரி வருகிறதே, அதைத்தான் வாசிக்கிறார். பாஸ் கிடாரின் மேல் ஸ்தாயியில் வாசிப்பதால் பலர் அதை லீட் கிடார் என்று நம்பிவிடுகிறார்கள். இந்த ஆல்பத்தில் கிடார் கலைஞர் என்று ஒருவர் கிடையாது. பாஸ் கலைஞர் கிடார் போல ஒலிக்கிறார், கீபோர்டுக்காரர் பாஸ் போல ஒலிக்கிறார். அழகே அதில்தான் இருக்கிறது. அந்த அழகைத்தான் நீங்கள் ஒரே வரியில் அழித்துவிட்டீர்கள்.

பழந்தட்டு:
இருவரும் முக்கியமான பிழையை விட்டுவிட்டீர்கள். நாலு தந்தியின் பதிவில் 'வெளிவந்த உடனேயே பிளாட்டினம் விருது வாங்கியது' என்று இருக்கிறது. அமெரிக்காவில் இசைத்தட்டுகளுக்குப் பிளாட்டினம் விருது தொடங்கியதே 1976இல். 1973இல் வந்த தட்டு இல்லாத விருதை எப்படி வாங்கும்? அமெரிக்காவின் பில்போர்டு ஆல்பம் விற்பனைப் பட்டியலில் 13ஆம் இடம் வரை போனது, ஒரு ஜாஸ் தட்டுக்கு அதுவே பெரிய விஷயம். அதை எழுதியிருக்கலாம்.

நாலு தந்தி:
விற்பனைக் கணக்கெல்லாம் எனக்கு வேண்டாம். நான் பேசுவது பாஸ் பற்றி. 'கமீலியன்' நடுவே ரோட்ஸ் மின்பியானோ தனி ஆவர்த்தனம் வருகிறதே, அதன் அடியில் ஓடுவதும் சிந்தசைசர்தான் என்பீர்களா?

விசைப்பலகை:
இல்லை. அது ஜாக்சன். பாட்டு அங்கே ஆளே மாறிவிடுகிறது, தாளப்போக்கும் வேறு, அடியில் உயிரோடு அலைகிற பாஸ் கிடாரும் வேறு. அதைக் கேட்டுவிட்டுத் தொடக்கத்துக்குத் திரும்புங்கள். இரண்டும் ஒரே கருவி என்று உங்கள் காது சொன்னால் மருத்துவரைப் பாருங்கள். தொடக்கத்தில் வருவது ஒடிசி. மீண்டும் சொல்கிறேன், ஒடிசி.

நாலு தந்தி:
காது மருத்துவரா? போன மாதம் ஜாஸ் டிரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் 'பிட்சஸ் ப்ரூ' பற்றிய இழையில், அந்த ஆல்பத்தில் ஹான்காக் வாசித்தார் என்று அடித்துச் சொன்னவர் யார்? அதில் கீபோர்டுக்கு ஜாவினுல் இருக்கிறார், சிக் கொரியா இருக்கிறார், ஹான்காக் இல்லை. இன்றுவரை அதற்கு ஒரு வார்த்தை பதில் உண்டா? இங்கே வந்து நீதிபதி வேலை பார்க்கிறீர்கள்.

விசைப்பலகை:
மைல்ஸ் டேவிஸின் 'இன் எ சைலன்ட் வே'யில் ஹான்காக் இருக்கிறார், 'ஆன் தி கார்னர்'இலும் இருக்கிறார். அந்த இழையின் சாரம் அதுதான். பேச்சை மாற்றாதீர்கள். தொடக்கப் பாஸ் யாருடையது?

மரக்குழல்:
பாஸ், பாஸ் என்று இரண்டு நாளாக அடித்துக்கொள்கிறீர்கள். இந்த ஆல்பத்தின் தாக்கம் பற்றிப் பேசுகிறவர்கள் இதிலுள்ள 'வாட்டர்மெலன் மேன்' பாட்டின் தொடக்கத்தை எப்படித் தாண்டிப் போகிறீர்கள்? தாளக் கலைஞர் பில் சம்மர்ஸ் பீர் பாட்டிலில் ஊதுகிறாரே, அது அவர் கண்டுபிடித்த உத்தி அல்ல. மத்திய ஆப்பிரிக்காவின் பா-பென்செலே மக்களின் 'ஹிண்டேவ்ஹு'. ஒற்றைச் சுரம் தரும் சிறு குழலை ஊதுவதும், குரல் கொடுப்பதும் மாறி மாறி வரும். இசை ஆய்வாளர் சிம்கா அரோம் பதிவுசெய்து 1966இல் வெளிவந்த தட்டில் அது இருக்கிறது. அங்கிருந்து இங்கே வந்தது. பிறகு 1994இல் மடோனா 'சாங்க்சுவரி' பாட்டுக்கு இந்த 'வாட்டர்மெலன் மேன்' பதிவிலிருந்து எடுத்தாண்டார். அதற்கு உரிமை பெற்றவர் ஹான்காக். காட்டில் அந்தக் குழலை ஊதியவர்களுக்கு என்ன கிடைத்தது? இதைப் பேச ஒருவருக்கும் வாய் வரவில்லை.

பழந்தட்டு:
'வாட்டர்மெலன் மேன்' ஹான்காக்கின் சொந்தப் பாட்டு. 1962இல் 'டேக்கின் ஆஃப்' ஆல்பத்திலேயே வந்துவிட்டது. அப்போது பாட்டிலும் இல்லை, குழலும் இல்லை. இரவல் என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லாதீர்கள்.

மரக்குழல்:
பாட்டு இரவல் என்று நான் எங்கே சொன்னேன்? தொடக்கத்து ஊதல் என்றேன். படித்துவிட்டுப் பதில் எழுதுங்கள். ஆப்பிரிக்கா என்றாலே உங்களுக்கு அவசரமாக ஒரு சமாதானம் வந்துவிடுகிறது. மற்ற இழைகளிலும் பார்த்திருக்கிறேன்.

விசைப்பலகை:
அதற்குத் தனி இழை தொடங்குங்கள், வந்து பேசுகிறேன். இங்கே கேள்வி ஒன்றுதான்.

அது ஏன் முக்கியம் என்றும் சொல்கிறேன். ஹான்காக் அதற்கு முன் ம்வாண்டிஷி என்ற தன் சோதனை ஜாஸ் குழுவோடு வெகுதூரம் வானத்தில் மிதந்துகொண்டிருந்தார். தரைக்கு இறங்க விரும்பினார். ஃபங்க் பாடகர் ஸ்லை ஸ்டோனின் இசை அவரைப் பிடித்து ஆட்டியது, ஆல்பத்தில் 'ஸ்லை' என்றே ஒரு பாட்டு வைத்தார். அப்படி இறங்கி வந்தவர் ஃபங்க் இசையின் இதயமான பாஸை இயந்திரத்திடம் கொடுத்தார். நான்கு ஆண்டு கழித்துப் பார்லமென்ட் என்ற ஃபங்க் குழுவின் 'ஃபிளாஷ் லைட்'டில் பெர்னி வொரெல் மினிமூக் சிந்தசைசரில் பாஸ் வாசித்தபோது உலகம் ஆடியது. அந்த வழியில் நிற்பது ஒடிசி. பாஸ் கிடார் என்று எழுதினால் இந்த வரலாறே காணாமல் போகிறது.

நாலு தந்தி:
ஸ்டீவி வொண்டர் 1972இலேயே 'சூப்பர்ஸ்டிஷன்' பாட்டில் மூக் சிந்தசைசரில் பாஸ் வாசித்துவிட்டார். அப்புறம் ஹான்காக் என்ன புதிதாக வரலாறு படைத்தார்? உங்கள் வாதத்தின்படியே பார்த்தால், 'கமீலியன்' தாக்கம் இயந்திரத்தால் வந்தது அல்ல, வரியால் வந்தது. அந்த வரி ஒரு பாஸ் கலைஞனின் வரி. பள்ளிக்கூட இசைக்குழுக்கள் வரை அதை வாசிக்கின்றன. எதில் வாசிக்கின்றன? பாஸ் கிடாரில்.

விசைப்பலகை:
பள்ளிப் பிள்ளைகள் எதில் வாசித்தாலும் 1973 ஒலிப்பதிவு மாறாது. ஒடிசி.

பழந்தட்டு:
பிளாட்டினம் பற்றிய வரியை நாலு தந்தி இன்னும் திருத்தவில்லை என்பதைப் பதிவு செய்கிறேன்.

நெறியாளர்:
காது, மருத்துவர், பழைய இழை ஆகியவற்றை விட்டுவிட்டு ஆல்பத்தைப் பற்றிப் பேசுங்கள். மரக்குழல், உங்கள் பொருளுக்குத் தனி இழை திறந்திருக்கிறேன்.

மரக்குழல்:
அங்கே ஒருவரும் வர மாட்டார்கள் என்று தெரிந்துதானே திறந்தீர்கள்?

நாலு தந்தி:
ஜாக்சனின் அருமை தெரிய வேண்டுமானால் அடுத்த ஆண்டு வந்த 'த்ரஸ்ட்' ஆல்பத்தில் 'ஆக்சுவல் ப்ரூஃப்' கேளுங்கள். மேசன் போய் டிரம்ஸுக்கு மைக் கிளார்க் வந்திருந்தார். அவரும் ஜாக்சனும் சேர்ந்து அங்கே செய்திருப்பதை எந்த ஒடிசியும் செய்யாது. 'கமீலியன்' பற்றி நான் எழுதியதில் ஒரு சொல்லையும் மாற்றப்போவதில்லை.

விசைப்பலகை:
'ஆக்சுவல் ப்ரூஃப்' பாஸ் கிடார்தான், யார் மறுத்தது? 'கமீலியன்' தொடக்கம் ஒடிசி. நீங்கள் மாற்றும் வரை தினமும் இங்கே எழுதுவேன்.