டிரைவரை நீக்கும்போது ‘டிஎல்எல் காணவில்லை’ என்று வந்ததா? உங்கள் அனுபவத்தைப் பகிருங்கள்

கணினி பழுது பார்ப்பவர்:

டிரைவர் என்பது ஒரு சாதனத்தோடு விண்டோஸ் பேச உதவும் மென்பொருள்; டிஎல்எல் என்பது மற்ற புரோகிராம்கள் கூப்பிட்டுப் பயன்படுத்தும் நிரல் கோப்பு. பழைய டிரைவரை அன்இன்ஸ்டால் செய்யப் போய் பாதியில் மாட்டிக்கொண்ட அனுபவம் பலருக்கு இருக்கும். என்னுடையதை முதலில் எழுதுகிறேன். நீங்களும் எழுதுங்கள், யாருக்காவது ஒரு நாள் வேலை மிச்சமாகும்.

ஒரு கணக்காளர் அலுவலகத்திலிருந்து லேப்டாப் வந்தது. விண்டோஸ் 10-லிருந்து 11-க்கு மாற்றியது. ‘மெமரி இன்டெக்ரிட்டி’ என்ற பாதுகாப்பு வசதியை ஆன் செய்யவே முடியவில்லை. ஒத்துவராத டிரைவர் இருக்கிறது என்று சொல்லி, ஒரு பழைய யூஎஸ்பி டேட்டாகார்டின் டிரைவரைக் காட்டியது. அந்த டேட்டாகார்டை யாரும் தொட்டுப் பல வருஷம் ஆகிறதாம். சரி, ஆப்ஸ் பட்டியலில் பெயர் இருக்கிறதே என்று அன்இன்ஸ்டால் கொடுத்தேன். ‘ரன்டிஎல்எல்’ என்ற தலைப்பில் ஒரு சின்னப் பெட்டி வந்தது. குறிப்பிட்ட மாட்யூலைக் காணவில்லையாம். ஓகே அழுத்தினால் பெட்டி மறைகிறது, பட்டியலில் பெயர் அப்படியே நிற்கிறது.

விசாரித்தபோது விஷயம் தெரிந்தது. சி டிரைவில் இடம் பத்தவில்லை என்று யாரோ ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ உள்ளே போய் அந்த ஃபோல்டரையே டெலீட் செய்திருக்கிறார்கள். நீக்கும் வேலையைத் தெரிந்து வைத்திருந்த டிஎல்எல்லும் அதோடு போய்விட்டது. அன்இன்ஸ்டால் பட்டனுக்குப் பின்னால் இருப்பது ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்து வைக்கும் இடம்) எழுதி வைத்த ஒரு வரிதான்: இன்ன இடத்தில் இருக்கும் இன்ன கோப்பைக் கூப்பிடு. டிஎல்எல் தானாக ஓடாது, ரன்டிஎல்எல்32 மாதிரி ஒரு புரோகிராம் அதைத் திறந்து ஓட்ட வேண்டும். கோப்பு இல்லாவிட்டால் பட்டன் இருந்தும் பயனில்லை.

விண்டோஸ் 7 காலத்தில் இதே நிலையில் நான் ஒரு தப்பு செய்தேன். காணாமல் போன டிஎல்எல்லின் பெயரைத் தேடி, இலவசமாகக் கிடைத்த இடத்திலிருந்து இறக்கி விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டேன். டிரைவர் நீங்கவில்லை. இரண்டு நாளில் பிரவுசர் முழுக்க விளம்பரம், கடைசியில் வாடிக்கையாளரின் கணினியை ஃபார்மேட் செய்து கொடுத்தேன். பெயர் ஒன்றாக இருந்தாலும் பதிப்பு வேறாக இருக்கலாம், உள்ளே யார் என்ன வைத்தார்கள் என்று நமக்குத் தெரியாது. தயவுசெய்து யாரும் அந்த வழிக்குப் போகாதீர்கள்.

இந்த முறை, அந்த டேட்டாகார்டு எங்காவது கிடக்கிறதா பாருங்கள் என்று கேட்டேன். மேஜை டிராயரில் கிடைத்தது. அந்தக் காலத்து டேட்டாகார்டுகள் பலவற்றில் இன்ஸ்டாலர் அதற்குள்ளேயே இருக்கும், செருகினால் முதலில் ஒரு சிடி டிரைவ் போலத் தெரியும். அதிலிருந்து மறுபடி இன்ஸ்டால் செய்தேன். ஃபோல்டர் திரும்பி வந்தது, டிஎல்எல்லும் வந்தது. கார்டைக் கழற்றிவிட்டு அன்இன்ஸ்டால் கொடுத்தேன். இந்த முறை ஒழுங்காக முடிந்தது.

அப்புறமும் மெமரி இன்டெக்ரிட்டி ஆன் ஆகவில்லை! விஸ்டா பதிப்பிலிருந்து விண்டோஸ், டிரைவர் பொட்டலத்தின் (டிரைவரின் கோப்புகள் மொத்தமும்) ஒரு நகலை ‘டிரைவர்ஸ்டோர்’ என்ற ஃபோல்டரில் தனியாக வைத்துக்கொள்கிறது. மென்பொருள் போனாலும் அந்த நகல் தங்கிவிடலாம். கமாண்ட் பிராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, பிஎன்பியூடில் என்ற விண்டோஸ் கருவியில் டிரைவர் பட்டியலைக் கேட்டேன். ‘ஓஇஎம்27.ஐஎன்எஃப்’ என்று ஒன்று. அந்த எண் விண்டோஸ் கொடுப்பது, கணினிக்குக் கணினி மாறும். அதனால் எண்ணை மட்டும் நம்பாமல், கீழே இருக்கும் அசல் பெயரையும் தயாரிப்பாளர் பெயரையும் ஒத்துப் பார்த்த பிறகே நீக்கினேன். ரீஸ்டார்ட் செய்தேன், வசதி ஆன் ஆனது.

நிறுவல் மென்பொருள் எழுதுபவர்:

உங்கள் கதையின் மறுபக்கம் என்னிடம் இருக்கிறது. அந்த மாதிரி அன்இன்ஸ்டாலர்களை எழுதியவர்களில் நானும் ஒருவன். அப்போது ‘டிஐஎஃப்எக்ஸ்ஏபிஐ’ என்ற டிஎல்எல்லை எங்கள் மென்பொருளோடு சேர்த்தே அனுப்புவோம். டிரைவர் பொட்டலத்தை நீக்கும் வேலையை அதுதான் செய்யும். நான் 32-பிட் நிரலை எழுதி அனுப்பிவிட்டேன். 64-பிட் விண்டோஸில் அந்த டிஎல்எல் அதற்குச் சம்மதிக்காது, பிழை எண்ணைத் திருப்பித் தரும். என் நிரல் அந்த எண்ணைப் படிக்கவே இல்லை. ‘வெற்றிகரமாக நீக்கப்பட்டது’ என்று காட்டிவிட்டு முடிந்துவிட்டது. டிரைவர் அங்கேயே இருந்தது. ஒரு வாடிக்கையாளர் டிவைஸ் மேனேஜர் (கணினியின் சாதனங்களைக் காட்டும் பட்டியல்) படத்தை எடுத்து அனுப்பிய பிறகுதான் எனக்கே தெரிந்தது. இன்றுவரை அந்த வருத்தம் எனக்கு உண்டு.

விண்டோஸ் 10-ன் 1607 பதிப்போடு அந்த முறையை மைக்ரோசாஃப்ட் கைவிட்டது. இப்போது விண்டோஸிலேயே இருக்கும் ‘நியூடெவ்’ டிஎல்எல் அந்த வேலையைச் செய்கிறது. சாதனத்தை நீக்கும் வழி அதில் விண்டோஸ் 7 முதலும், டிரைவரையே நீக்கும் வழி 1703 முதலும் இருக்கிறது. இது விண்டோஸின் சொந்தக் கோப்பு என்பதால் யாரோ ஃபோல்டரை அழித்ததில் காணாமல் போகாது. கெட்டுப்போனாலும் வெளியே தேட வேண்டாம், சிஸ்டம் ஃபைல் செக்கர் என்ற விண்டோஸ் கருவியை ஓட்டினால் சரியான நகலை அதுவே வைத்துவிடும்.

எங்கே தடுக்கிறது என்று தெரியாதவர்கள் விண்டோஸ் ஃபோல்டருக்குள் ஐஎன்எஃப் ஃபோல்டரில் ‘செட்டப்ஏபிஐ.டெவ்.லாக்’ என்ற பதிவுக் கோப்பைத் திறந்து பாருங்கள். மூன்று ஆச்சரியக்குறி போட்ட வரிகள்தான் பிழைகள். கடைசியிலிருந்து மேலே படித்துக்கொண்டு வாருங்கள்.

ஜெராக்ஸ் கடை நடத்துபவர்:

பிரிண்டர் டிரைவருக்கு ‘பயன்பாட்டில் உள்ளது, நீக்க முடியாது’ என்று வந்தால் பிரிண்ட் ஸ்பூலரை (அச்சு வேலைகளை வரிசைப்படுத்தும் விண்டோஸ் சேவை) ஒருமுறை நிறுத்தி ஓடவிட்டு உடனே முயலுங்கள். பிரிண்ட் சர்வர் பிராப்பர்ட்டீஸில் டிரைவரை மட்டும் நீக்கவா, பொட்டலத்தோடு நீக்கவா என்று கேட்கும். இரண்டாவதைக் கொடுங்கள்.

பள்ளிக் கணினி ஆய்வகப் பொறுப்பாளர்:

எனக்கு நடந்தது கீபோர்டில். மாணவர்கள் சில கீகளை அழுத்த முடியாதபடி தடுக்கும் ஒரு மென்பொருள் போட்டிருந்தோம். அதன் அன்இன்ஸ்டாலர் பாதியில் நின்றது. அவசரத்தில் நான் அதன் டிரைவர் கோப்பைக் கையாலேயே அழித்துவிட்டேன். ரீஸ்டார்ட் ஆனதும் பாஸ்வேர்டு அடிக்க முடியவில்லை. வேறு கீபோர்டு செருகினேன், அதுவும் வேலை செய்யவில்லை. மறுநாள் பத்து மணிக்கு செய்முறைத் தேர்வு.

மவுஸ் மட்டும் வேலை செய்தது. லாகின் திரையின் மூலையில் இருக்கும் ஐகானில் திரைக் கீபோர்டைத் திறந்து, ஒவ்வோர் எழுத்தாகச் சொடுக்கி உள்ளே போனேன். டிவைஸ் மேனேஜரில் மஞ்சள் முக்கோணம், பிழைக் குறியீடு 39. பிறகு புரிந்தது: அந்த மென்பொருள் ரெஜிஸ்ட்ரியில் கீபோர்டு வகைக்குரிய ‘அப்பர்ஃபில்டர்ஸ்’ என்ற இடத்தில் தன் பெயரை எழுதி வைத்திருந்தது. கோப்பு போய்விட்டது, பெயர் இருக்கிறது. இல்லாத கோப்பை விண்டோஸ் தேடிக்கொண்டே எந்தக் கீபோர்டையும் ஓடவிடவில்லை.

டிவிடி டிரைவுக்கு இப்படி ஆனால் அந்தப் பதிவை மொத்தமாக நீக்கச் சொல்வார்கள். கீபோர்டில் அப்படிச் செய்யக் கூடாது. அங்கே இரண்டு வரிகள் இருந்தன. ஒன்று அந்த மென்பொருளின் பெயர், மற்றது ‘கேபிடிகிளாஸ்’. இரண்டாவது விண்டோஸுக்குச் சொந்தமானது, அது இருந்தே ஆக வேண்டும். முதல் வரியை மட்டும் எடுத்துவிட்டு ரீஸ்டார்ட் கொடுத்தேன். பாஸ்வேர்டு பெட்டியில் ஒவ்வொரு புள்ளியாக விழுந்தபோது மணி ராத்திரி ஒன்பதைத் தாண்டியிருந்தது. மீதி பதினோரு கணினிகளில் அந்த மென்பொருளை மறுபடி இன்ஸ்டால் செய்து, அன்இன்ஸ்டாலர் முழுதாக முடியும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.