சிங்களச் சித்திரக்கதை பிறந்தது விகாரைச் சுவரிலா, வாரப் பத்திரிகையிலா?

மலைநாட்டான்:
1951இல் லங்காதீப பத்திரிகையில் ஜி. எஸ். பெர்னாண்டோ வரைந்த ‘நீலா’தான் தொடக்கம் என்றே எல்லாரும் எழுதுகிறார்கள். ஒருமுறை கண்டிப் பக்கம் தெகல்தொருவ விகாரைக்குப் போய்ப் பாருங்கள். 18ஆம் நூற்றாண்டு ஓவியம். புத்தரின் முற்பிறவிக் கதைகளில் ஒன்றான வெஸ்ஸந்தர ஜாதகம் பட்டை பட்டையாக ஓடுகிறது. யானையைத் தானம் கொடுப்பவர், காட்டுக்குப் போகிறவர், பிள்ளைகளைத் தாரை வார்ப்பவர் எல்லாம் அதே வெஸ்ஸந்தரர்தான். நடுவில் ஒரு மரம் நின்றால் காட்சி மாறிவிட்டது என்று அர்த்தம். இது சித்திரக்கதை இல்லையென்றால் வேறென்ன?

அச்சுக்கூடம்:
பார்க்க அப்படித்தான் இருக்கும் அண்ணை. ஆனால் அந்தச் சுவருக்கு முன்னால் நிற்கிறவருக்கு முடிவு முன்பே தெரியும், ‘பண’ என்கிற பௌத்தப் பிரசங்கத்தில் கேட்ட கதை. பத்திரிகைத் தொடரோ ‘அடுத்த வாரம் என்ன ஆகும்’ என்பதில்தான் பிழைக்கிறது. 1970களில் ‘சதுட’, ‘சித்தர’ என்று சித்திரக்கதைக்கென்றே வாரத்தாள்கள் வந்தன. காசு கொடுத்து வாங்கியவர்கள் புண்ணியத்துக்காகவா வாங்கினார்கள்? கமிலஸ் பெரேரா வரைந்த கேலிச்சித்திரப் பாத்திரங்களான கஜமனுக்கும் சிரிபிரிஸுக்கும் எந்த ஜாதகத்தில் இடம்?

மலைநாட்டான்:
ஜாதகத்தில் இல்லை, சரி. அரசவை விகடகவி அந்தரேயின் கதையில் இருக்கிறது. அரசன் பாயில் சீனி காயவைத்துவிட்டு, ‘இது மணல்’ என்கிறான். அந்தரே சொல்லிக்கொடுத்தபடி அவன் மகன் ‘அம்மா செத்துப்போனாள்’ என்று அலறிக்கொண்டு ஓடி வருகிறான். ‘இனி நம் வாயில் மண்தான்’ என்று அழுதபடியே அப்பனும் மகனும் சீனியை அள்ளித் தின்கிறார்கள். பெரியவனை அவன் வாக்காலேயே மடக்குவது. சிரிபிரிஸ் செய்வதும் இதுதானே?

அச்சுக்கூடம்:
ஆள் பழையவன் என்பதை ஒத்துக்கொள்கிறேன். வடிவம் அச்சு இயந்திரம் கொடுத்தது. நீங்கள் இரண்டையும் போட்டுக் குழப்புகிறீர்கள்.

கரையோரம்:
இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். பிறப்பைப் பற்றி இவ்வளவு பேச்சு, இறப்பைப் பற்றி ஒன்றும் இல்லையே? 1982இல் ரூபவாஹினி என்ற அரச தொலைக்காட்சி வந்தது. அதில் இயக்குநர் டைட்டஸ் தொட்டவத்த வெளிநாட்டுக் கார்ட்டூன்களைச் சிங்களம் பேச வைத்தார். அப்புறம் யார் தாளை வாங்குவார்கள்?

அச்சுக்கூடம்:
கார்ட்டூன் பிள்ளைகளுக்கு. வாரத்தாளின் காதல் தொடர்களை வாசித்தவர்கள் பெரியவர்கள். அவர்களைப் பிடித்தது தொலைக்காட்சி நாடகம். ‘தொடரும்’ போடும் வித்தை கைமாறியது, அவ்வளவுதான்.

மலைநாட்டான்:
அப்படியென்றால் 2023இல் கஜமன் முப்பரிமாண அனிமேஷன் படமாக வந்தாரே, அதற்கு என்ன சொல்வீர்கள்? அச்சு போனது, தாள் போனது, ஆள் மட்டும் நிற்கிறான். நான் சொல்வதும் அந்த ஆளைத்தான்.