வார்ம்-அப் பண்ண பொறுமையே வரமாட்டேங்குது, எப்படிங்க பழக்கப்படுத்தறது?

சோம்பேறி_கோவை:
ஓட ஆரம்பிச்சு 5 வாரம் ஆச்சுங்க. கோவை ரேஸ்கோர்ஸ் நடைபாதைல ஒரு ரவுண்டு, சுமாரா இரண்டரை கிலோமீட்டர், கொஞ்சம் ஓடி கொஞ்சம் நடந்து முடிச்சிருவேன். வண்டிய நிறுத்துன உடனே ஓடத்தான் தோணுது, வார்ம்-அப் ரெண்டு நாள் பண்ணுவேன் மூணாவது நாள் லேட்டாயிருச்சுனு விட்டுருவேன், இப்ப ஒரு வாரமா கெண்டைக்கால் ரெண்டும் கல்லு மாதிரி இறுகிக்குது, ஆபீஸ்ல உக்காந்து எந்திரிச்சா முதல் நாலு அடி தாத்தா நடைதான். ஸ்கூல்ல பி.டி. சார் சொன்ன மாதிரி குனிஞ்சு கால்விரலைத் தொட்டு இருபது எண்ணறேன், அது பத்தாதா?

காலை_அஞ்சரை:
தம்பி, அது தப்பில்ல, செய்யற நேரம்தான் தப்பு. அசையாம புடிச்சு நிக்கற ஸ்ட்ரெட்ச்சால உடம்பு சூடாகாது, அதையே ஒரு நிமிஷத்துக்கு மேல புடிச்சா கால்ல இருக்கற துள்ளலும் கொஞ்சம் கொறையும். அதை ஓடி முடிச்சப்பறம் வெச்சுக்கோங்க. ஓடறதுக்கு முன்னாடி அஞ்சு நிமிஷம் வேகநடை, அப்பறம் வண்டி சீட்டைப் புடிச்சுட்டு ஒவ்வொரு காலையும் முன்னும் பின்னும் பத்து தடவை வீசுங்க, முட்டியத் தூக்கி இருபது, குதிகால் பின்னாடி புட்டத்துல படற மாதிரி மடக்கி இருபது, அவ்ளோதான்.
பொறுமைக்கு நான் பண்ண வேலை என்னன்னா வண்டிய ரெண்டு தெரு தள்ளி நிறுத்திருவேன். நடந்துதானே வந்தாகணும், வார்ம்-அப்ல பாதி தன்னால முடிஞ்சுரும் :)

பால்_பொங்கிருச்சு:
அக்கா சொன்னதோட இதையும் சேத்துக்கங்க ப்ரோ. கெண்டைக்கால்ல மேல ஒண்ணு அதுக்கு அடியில ஒண்ணுனு ரெண்டு பெரிய தசை இருக்கு, செவுத்துல கை வெச்சு பின்னங்காலை நேரா நீட்டி 30 செகண்ட் நின்னா மேல இருக்கறது இழுபடும், அப்படியே அந்த முட்டிய லேசா மடக்குனாதான் அடியில இருக்கறதுக்குப் போய்ச் சேரும், குதிகால் மட்டும் தரையவிட்டு எந்திரிக்கக் கூடாது. நான் வீட்டுக்கு வந்து அடுப்புல பால் வெச்சுட்டு அது காயற வரைக்கும் கிச்சன் செவுத்தைப் புடிச்சுட்டு நிப்பேன், அப்படித்தான் பழக்கமாச்சு. பேர் எப்படி வந்துச்சுனு கேக்காதீங்க.

மெதுவா_போலாம்:
ஸ்ட்ரெட்ச் பண்ணுனா வலியே வராதுனு நம்பிராதீங்க. காக்ரேன்னு பல மருத்துவ ஆய்வுகளை ஒண்ணா சேத்து அலசற அமைப்பு ஒண்ணு இருக்கு, 2011ல அவங்க தொகுப்புல பாத்தாங்க, உடற்பயிற்சிக்கு மறுநாள் வர்ற தசைவலி ஸ்ட்ரெட்ச்சால பெருசா ஒண்ணும் கொறையல. எனக்கென்னமோ நீங்க தினமும் ஓடறீங்கனு தோணுது? ஒருநாள் விட்டு ஒருநாள் ஓடிப் பாருங்க. முட்டிக்குக் கீழ முன்பக்க எலும்புல ஒரே எடத்துல அழுத்துனா சுருக்குனு வலிச்சா மட்டும் ஓட்டத்தை நிறுத்திட்டு டாக்டரைப் பாத்துருங்க.

சோம்பேறி_கோவை:
கண்டுபுடிச்சுட்டீங்க, தினமும்தாங்க ஓடறேன், ஞாயித்துக்கிழமைகூட விடறதில்ல. எலும்புல வலி இல்ல, சதைலதான். இன்னிக்கு வண்டிய தள்ளி நிறுத்திட்டு நடந்து வந்தேன், பரவால்ல, முதல் ரெண்டு நிமிஷம் எப்பவும் வாங்கற மூச்சு வாங்கல. ஆனா அக்கா, சைடு ஸ்டாண்டுல நிக்கற வண்டியப் புடிச்சு காலை வீசுனேன், வண்டி சாஞ்சு இண்டிகேட்டர் போச்சு. சென்டர் ஸ்டாண்டுனு ஒரு வார்த்தை சொல்லிருக்கலாம்ல!