டிக் வெல்டர் கிடைக்கவில்லை, இருக்கிறவர்களும் வெளிநாடு கிளம்புகிறார்கள்: பட்டறை நடத்துகிறவர்கள் என்ன செய்கிறீர்கள்?

பேட்டை லேத் எழுதியது:

வணக்கம். திருநெல்வேலி பேட்டையில் 19 வருடமாக லேத் பட்டறையும் அதை ஒட்டி ஒரு ஃபேப்ரிகேஷன் ஷெட்டும் வைத்திருக்கிறேன். அரிசி ஆலைகளுக்கு எலிவேட்டர் பக்கெட், சல்லடை ஃபிரேம், ஷாஃப்ட் கடைசல், காற்று சீசனுக்கு முன்னால் ராதாபுரம், பணகுடி பக்கம் காற்றாலைகளுக்குச் சில்லறை வேலை, இதுதான் தொழில். இரண்டு வருடம் முன்னால் 11 பேர் இருந்தோம், இப்போது என்னையும் சேர்த்து ஆறு பேர்.

போன ஆனித் தேரோட்டம் முடிந்த மறுநாள் காலையில் என் டிக் வெல்டர் (ஆர்கான் வாயு விட்டு ஸ்டெயின்லெஸ் ஓட்டுகிறவன்) வந்து, "அண்ணாச்சி, கத்தாருக்கு விசா வந்துட்டு" என்றான். எட்டு வருடத்துக்கு முன் கிரைண்டரைப் பிடிக்கக்கூடத் தெரியாமல் வந்த பையன். சந்தோஷப்படத்தான் வேண்டும், பட்டேன், கையில் 5,000 ரூபாயும் கொடுத்து அனுப்பினேன். ஆனால் அன்றிலிருந்து ஸ்டெயின்லெஸ் வேலை தொடவே முடியவில்லை. ஹெல்பராக இருந்த ஒருவனை வைத்து ஒரு டேங்க்குக்கு வெல்டிங் ஓட்டிப் பார்த்தோம், தண்ணீர் நிரப்பியதும் மூன்று இடத்தில் கசிவு, அறுத்து மறுபடி ஓட்டி, ஆர்கானும் போய் ஆறு நாளும் போய்விட்டது. இந்த மாதம் நாலரை லட்சம் ரூபாய் ஆர்டர் ஒன்று வந்தது, பிசான அறுவடைக்கு முன்னால் முடித்துத் தர வேண்டும். முடியாது என்று சொல்லிவிட்டேன். 19 வருடத்தில் வந்த வேலையைத் திருப்பி அனுப்பியது இதுதான் முதல் தடவை.

இப்போது இன்னொரு பையன் சாயங்காலம் ஜப்பானிய மொழி வகுப்புக்குப் போகிறான், என்4 என்ற மொழித் தேர்வு எழுதப் போகிறானாம். லேத்தில் நிற்கிற பெரியவருக்கு 58 வயது, அவருக்குப் பிறகு அந்த மிஷினில் யார் என்று நினைத்தாலே தூக்கம் வரவில்லை.

கேட்க வந்தது இதுதான். நாள் கூலி 950 கொடுக்கிறேன், எவ்வளவு ஏற்றினால் நிற்பார்கள்? மூன்று வருடம் இருக்க வேண்டும் என்று எழுதி வாங்கலாமா? ஒடிசா, ஜார்க்கண்ட் பக்கம் ஆள் எடுத்தவர்கள் அனுபவம் எப்படி? இல்லை, கடன் வாங்கி கம்ப்யூட்டரில் ஓடுகிற ஒரு சிஎன்சி மிஷின் போட்டுவிடலாமா? மனதில் பட்டதை நேராகச் சொல்லுங்கள்.

ராஸ் லஃபான் வெல்டர் எழுதியது:

அண்ணாச்சி, நான் வீரவநல்லூர். உங்கள் பட்டறை மாதிரியே ஒன்றிலிருந்து கத்தார் வந்தவன், அதனால் போகிறவன் பக்கத்தைச் சொல்கிறேன்.

நான் ஆறு வருடம் ஒரே இடத்தில் வேலை பார்த்தேன். 250 ரூபாயில் சேர்ந்து 800 வரை வந்தேன். தொழில் கற்றுக்கொடுத்தது அந்த ஓனர்தான், அதை என்றைக்கும் மறக்க மாட்டேன், ராத்திரி ஷெட்டைப் பூட்டும் முன் வெட்டு பைப் துண்டுகளைக் கொடுத்து ஓட்டிப் பழகச் சொல்வார். ஆனால் பிஎஃப் கிடையாது, சனிக்கிழமை சம்பளம் பாதி வரும், மீதி அடுத்த வாரம். தங்கச்சி கல்யாணத்துக்கு பேங்கில் லோன் கேட்டால் சம்பளச் சீட்டு கேட்கிறார்கள், என்னிடம் ஒரு தாளும் இல்லை. நான் வெல்டர் என்று சொல்ல ஊரில் ஒரு அத்தாட்சியும் கிடையாது.

அப்புறம் சென்னையில் டிரேட் டெஸ்ட். 6ஜி, பைப்பை 45 டிகிரி சாய்த்து அசையாமல் கட்டி வைத்துவிடுவார்கள், நாம்தான் சுற்றிச் சுற்றி ரூட் என்ற முதல் அடுக்கு, அதற்கு மேல் ஹாட் பாஸ், ஃபில்லிங், கேப்பிங் என்று எல்லா அடுக்கும் ஓட்ட வேண்டும், கடைசியில் எக்ஸ்ரே. பாஸ் ஆனேன். ஆறு வருடம் யாரும் எழுதித் தராததை ஒரே நாளில் எழுதிக் கொடுத்துவிட்டார்கள்.

இங்கே நார்த் ஃபீல்ட் என்ற எரிவாயு வயலில் வேலை பெரிதாக்குகிறார்கள், வருடத்துக்கு 77 மில்லியன் டன்னாக இருந்த எல்என்ஜியை (திரவ எரிவாயு) 2030க்குள் 142 ஆக்கப் போவதாகத் திட்டம். எங்கள் சைட்டில் ஃபிலிப்பைன்ஸ், நேபாளம், பங்களாதேஷ் என்று எல்லா ஊர்க்காரர்களும் உண்டு, அப்படியும் நல்ல 6ஜி கை போதவில்லை. சவுதியிலும் அதே நேரம் வேலை நடப்பதால் காண்டிராக்ட் முடிவதற்குள் அங்கிருந்து கூப்பிடுகிறார்கள். இங்கே இருக்கிற சூப்பர்வைசர் புலம்புவதும் நீங்கள் எழுதியிருப்பதும் ஒரே புலம்பல்தான்.

எழுதி வாங்குவதை மட்டும் செய்யாதீர்கள். எங்கள் ஓனர் என் பத்தாம் வகுப்பு சான்றிதழை வாங்கிப் பீரோவில் வைத்துக்கொண்டார், போக வேண்டும் என்ற எண்ணமே அதற்குப் பிறகுதான் எனக்கு வந்தது. உங்கள் ஜப்பான் பையனிடம் ஒன்று சொல்லுங்கள்: பதிவு பெற்ற ஏஜென்ட் 30,000 ரூபாயும் ஜிஎஸ்டியும் தவிர வாங்கக் கூடாது என்பது சட்டம். அது தெரியாமல் நான் 1,20,000 கொடுத்தேன். அயல்நாட்டுக்கு ஆள் அனுப்ப தமிழ்நாடு அரசே ஒரு நிறுவனம் 1978 முதல் நடத்துகிறது, அங்கே முதலில் விசாரிக்கட்டும்.

கல்லிடைக்குறிச்சி ஆலை எழுதியது:

நான் ஆலைக்காரன். உங்களை மாதிரி ஒரு பட்டறைக்காரர் போன வருடம் எங்களுக்கும் கையை விரித்துவிட்டார். கோயம்புத்தூரிலிருந்து ஆள் வரவழைத்தோம், அங்கேயும் ஆள் தட்டுப்பாடுதான், வருவதற்கே 12 நாள் ஆனது. அறுவடை நேரத்தில் எலிவேட்டர் நின்றால் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியும், களத்தில் ஈர நெல் கிடக்கிறது, விவசாயி வாசலில் நிற்கிறார், வானம் மூடிக்கொண்டு வருகிறது.

நீங்கள் ரேட் ஏற்றிச் சொல்லப் பயப்படுகிறீர்கள் என்று நினைக்கிறேன். பத்து, பதினைந்து சதவீதம் கூடக் கேட்டால் நான் கொடுப்பேன், சொன்ன நாளில் வேலை முடிய வேண்டும், அவ்வளவுதான். அந்தக் கூடுதல் பணம் வெல்டர் கைக்குப் போனால் எனக்குச் சந்தோஷமே. வேலை நின்ற நாட்களின் நஷ்டத்தோடு பார்த்தால் இது பெரிய தொகையே இல்லை.

ஓய்வு பெற்ற வாத்தியார் எழுதியது:

தம்பி, அரசு ஐடிஐயில் வெல்டர் டிரேடு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவன். "இந்தக் காலத்துப் பையன்களுக்கு உழைக்க மனசில்லை" என்று யாராவது வந்து எழுதுவதற்குள் நான் எழுதிவிடுகிறேன். 31 வருடம் பையன்களைப் பார்த்தவன், அது உண்மை இல்லை.

முன்பெல்லாம் தேர்வு முடிகிற நேரத்தில் பட்டறை முதலாளிகள் ஐடிஐ வாசலுக்கு வந்து, "சார், நல்ல கை யாரு?" என்று கேட்டுக் கூட்டிப் போவார்கள். இப்போது வருகிறது கங்கைகொண்டான், ஓசூர், ஸ்ரீபெரும்புதூர் கம்பெனிகள். பஸ், கேன்டீன், பிஎஃப், யூனிஃபார்ம் எல்லாம் சொல்லி நேர்முகம் நடத்தி மொத்தமாக எடுத்துக்கொள்கிறார்கள். சின்னப் பட்டறைக்காரர்கள் வருவதை நிறுத்தி எத்தனையோ வருடம் ஆகிறது. நீங்கள் கடைசியாக எப்போது ஒரு ஐடிஐக்குள் போனீர்கள், யோசித்துப் பாருங்கள்.

குறை எங்கள் பக்கமும் உண்டு. 2023இல் தமிழ்நாட்டில் 71 அரசு ஐடிஐக்களை 2,877 கோடி ரூபாய் திட்டத்தில் புதுப்பித்தார்கள், ரோபோ, சிஎன்சி எல்லாம் வந்திருக்கிறது, நல்ல காரியம். ஆனால் வெல்டிங் என்பது மணிக்கணக்கில் ராடு எரித்துக் கைக்கு வர வேண்டிய தொழில். வெல்டர் படிப்பே ஒரு வருடம்தான், எட்டாம் வகுப்பு பாஸ் ஆனால் சேரலாம். அந்த ஒரு வருடத்தில் வெல்டிங் குட்டையைப் பார்க்கப் பழகுவான், உருகின இரும்பு எப்படி ஓடுகிறது என்று கண்ணுக்குப் பிடிபடும், அவ்வளவுதான். மீதியை உங்கள் ஷெட்தான் கற்றுத்தர வேண்டும், என்றைக்கும் அப்படித்தான் இருந்தது.

அதற்குத்தான் 1961லேயே அப்ரன்டிஸ் (தொழில் பழகுநர்) சட்டம் வந்தது. 30 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கிற இடம் கட்டாயம் எடுக்க வேண்டும், நாலு பேர் இருந்தாலே விருப்பப்பட்டு எடுக்கலாம், உங்களுக்கு ஆறு பேர் இருக்கிறார்கள். 2016இல் வந்த தேசிய அப்ரன்டிஸ் ஊக்குவிப்புத் திட்டத்தில் உதவித்தொகையில் கால் பங்கு, மாதம் 1,500 ரூபாய் வரை, மத்திய அரசு தருகிறது. ஆன்லைனில் பதிய வேண்டும், முதல் தடவை கொஞ்சம் இழுக்கும். முடிவில் பையனுக்குத் தேசியச் சான்றிதழ் கிடைக்கும். கத்தார் தம்பி ஏங்கிய அந்தத் தாள் அதுதான்.

ஸ்டுட்கார்ட் பாளையங்கோட்டை எழுதியது:

நான் பாளையங்கோட்டை, ஏழு வருடமாக ஜெர்மனியில் மிஷின் பாகம் செய்கிற கம்பெனியில் இருக்கிறேன். 60 பேர் வேலை பார்க்கிற இடம். அண்ணாச்சி சிஎன்சி பற்றிக் கேட்டதால் சொல்கிறேன்: எங்களிடம் புத்தம் புது மில்லிங் சென்டர் இருக்கிறது, இரண்டாவது ஷிஃப்டுக்கு அதை ஓட்ட ஆள் இல்லாமல் மத்தியானத்துக்கு மேல் சும்மா நிற்கிறது. மிஷின் வாங்கினால் அதை செட் செய்கிற ஆள் வேண்டும், அந்த ஆள் வெல்டரைவிட அரிது.

இது உலகம் முழுக்க நடக்கிறது. ஆள் எடுத்துத் தருகிற மேன்பவர் குழுமம் 2024இல் பல நாடுகளில் எடுத்த கணக்கெடுப்பில் 75 சதவீத முதலாளிகள் தேவையான திறனுள்ள ஆள் கிடைப்பது கஷ்டம் என்றார்கள். அமெரிக்காவில் அரிசோனாவில் சிப் ஆலை கட்டிய தைவான் கம்பெனி டிஎஸ்எம்சி, மிஷின்களைப் பொருத்தத் தேர்ந்த ஆள் போதவில்லை என்று சொல்லி 2024இல் தொடங்க வேண்டிய உற்பத்தியை 2025க்குத் தள்ளியது, அவ்வளவு பணம் இருந்தும். ஜப்பானில் நூற்றுக்கு 29 பேர் 65 வயதைத் தாண்டியவர்கள், அதனால்தான் உங்கள் பையனைக் கூப்பிடுகிறார்கள். ஜெர்மனி இந்தியத் தொழிலாளர்களுக்கான விசாவை வருடத்துக்கு 20,000இலிருந்து 90,000 ஆக்குவதாக 2024 அக்டோபரில் அறிவித்தது.

இங்கே பிடித்த ஒரு விஷயம், பத்துப் பேர் இருக்கிற பட்டறைகூட அப்ரன்டிஸ் எடுக்கும். மூன்று, மூன்றரை வருடம், வாரத்தில் ஒன்றிரண்டு நாள் பள்ளிக்கூடம், மீதி நாள் மிஷினில். கம்பெனிதான் சம்பளம் தருகிறது, 2025இல் முதல் வருடப் பயிற்சியாளருக்குக் குறைந்தபட்சம் மாதம் 682 யூரோ. முடித்ததும் சிலர் பெரிய கார் கம்பெனிக்குப் போய்விடுவார்கள், எங்கள் முதலாளிக்கு அது வருத்தம்தான், ஆனாலும் அடுத்த செப்டம்பரில் மறுபடி இரண்டு பேர் எடுப்பார். மூன்றில் ஒருவன் நின்றாலும் போதும் என்பது அவர் கணக்கு.

இன்னொன்று, இது என்னை ரொம்ப நாளாக உறுத்துகிறது. மத்திய அரசின் 'மாதிரிப் பதிவு' (எஸ்ஆர்எஸ்) கணக்கெடுப்பில், 2020இல் தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாகப் பிறக்கும் பிள்ளைகள் 1.4. மக்கள்தொகை குறையாமல் நிற்க 2.1 வேண்டும். 20 வருடம் கழித்து ஜப்பானும் ஜெர்மனியும் இப்போது நிற்கிற இடத்தில் நாம் நிற்போம், அப்போது நம் ஊருக்கு யார் வருவார்கள்?

மானூர் ஃபிட்டர் எழுதியது:

அண்ணாச்சி, நான் ஃபிட்டர் இரண்டாம் வருடம் படிக்கிறேன், பெண். ஜூலையில் தேர்வு. எங்கள் வகுப்பில் நாலு பெண்கள். பழகிக்கொள்ளலாம் என்று லீவில் மூன்று பட்டறையில் போய்க் கேட்டேன். ஒருவர் சிரித்தார், ஒருவர் "இங்க பாத்ரூம் கிடையாதும்மா" என்றார், மூன்றாமவர் அப்பாவைக் கூட்டி வரச் சொல்லி, வந்ததும் அப்பாவிடம் வேண்டாம் என்றார். கங்கைகொண்டானில் சோலார் பேனல் செய்கிற ஆலையில் பெரும்பாலும் பெண்கள்தான், என் அக்காவும் அங்கேதான், ஆனால் அங்கே லைனில் ஒரே வேலை, எனக்கு லேத்தும் மில்லிங்கும்தான் பிடிக்கும். நான் கடைகிற ஜாப் பீஸ் அளவு 0.02 மில்லிமீட்டர் வித்தியாசத்துக்குள் வரும். ஆள் இல்லை என்று எல்லோரும் எழுதுகிறீர்கள். ஒரு கழிப்பறை கட்ட எவ்வளவு ஆகும்?

பேட்டை லேத் எழுதியது:

எல்லாவற்றையும் இரண்டு தடவை படித்தேன். கத்தார் தம்பி எழுதியதை என் வீட்டம்மாவுக்கும் வாசித்துக் காட்டினேன், அவள்தான் கணக்கு எழுதுகிறாள். பிஎஃப் பற்றி அவள் மூன்று வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள், ஆள் குறைவுதானே, சட்டப்படி கட்டாயம் இல்லை என்று நான் தள்ளிக்கொண்டே வந்தேன். அடுத்த மாதத்திலிருந்து விருப்பப் பதிவாகவே போட்டுவிடுகிறோம். டிக் ஓட்டுகிறவருக்கு 1,200, வாரா வாரம் முழுசாக. ஆலைக்காரர் சொன்னபடி ரேட்டை ஏற்றி மூன்று பேருக்குப் போன் பண்ணினேன், இரண்டு பேர் சரி என்றுவிட்டார்கள்.

எழுதி வாங்குகிற யோசனையை விட்டுவிட்டேன். சிஎன்சி லோன் பேப்பரும் அப்படியே இருக்கட்டும். வாத்தியார் சார், திங்கட்கிழமை ஐடிஐக்குப் போகிறேன், பதிவுக்கு என்னென்ன எடுத்துப் போக வேண்டும் என்று ஒரு வரி எழுதினால் உதவியாக இருக்கும்.

மானூர் தங்கச்சிக்குத் தனிச் செய்தி அனுப்பியிருக்கிறேன். ஷெட்டுக்குப் பின்னால் இடம் இருக்கிறது, இந்த மாதக் கடைசிக்குள் கழிப்பறை கட்டி முடித்துவிடுவேன். எங்கள் லேத் பெரியவரிடமும் கேட்டேன், "அளவு எடுக்கத் தெரியுமா?" என்று மட்டும் கேட்டார். 0.02 என்றேன். வரச் சொல்லிவிட்டார்.

ராஸ் லஃபான் வெல்டர் எழுதியது:

அண்ணாச்சி, மார்ச்சில் லீவுக்கு வருகிறேன். இரண்டு நாள் உங்கள் ஷெட்டுக்கு வந்து அந்த ஹெல்பர் தம்பிக்கு ஸ்டெயின்லெஸ் ரூட் ஓட்டக் காட்டித் தருகிறேன். கசிந்ததற்குக் காரணம் அநேகமாக உள்பக்கம் ஆர்கான் விடாமல் ஓட்டியதாக இருக்கும். ஆறு இன்ச் பைப் துண்டு, தடிமன் ஷெட்யூல் 40, ஒரு பத்துப் பதினைந்து வெட்டி வையுங்கள், ஆர்கான் சிலிண்டர் இரண்டு வேண்டும்.